என்ஜினைப் பூமியிலேயே விட்டுச் செல்லும் விண்கலம்: லேசர் ஒளிப்பாய், ஓர் எளிய விளக்கம்

"இருபதே ஆண்டில் பக்கத்து நட்சத்திரம்" என்று தலைப்பிட்டுச் சுற்றும் காணொளிகளில் பெரும்பாலும் ஒரே மாதிரிப் படம்தான் இருக்கும். தகதகவென்று விரிந்த மாபெரும் பாய், அதன் அடியில் ஜன்னல் வைத்த விண்கலம், ஜன்னலுக்குப் பின்னால் மனித முகங்கள். அதைப் பார்த்துவிட்டு நடக்கும் பேச்சும் அதே ரகம். சூரியக் காற்று பாயை ஊதித் தள்ளும் என்பார் ஒருவர். லேசரின் சூட்டில் கலம் சீறிப் பாயும் என்பார் இன்னொருவர். நாசா இதை ஏற்கெனவே கட்டி முடித்துவிட்டது என்று சத்தியம் செய்பவரும் உண்டு. மூன்றுமே தவறு.

உண்மையில் பேசப்படும் திட்டத்தில் கலத்தின் எடை சில கிராம்தான். ஆள் கிடையாது, என்ஜின் கிடையாது, பிரேக்கும் கிடையாது. ஏன் இவ்வளவு விசித்திரமாக யோசிக்கிறார்கள் என்றால், எல்லாவற்றுக்கும் ஒரே காரணம்தான்: ஒளி பொருள்களைத் தள்ளும், ஆனால் மிக மிக லேசாகத்தான் தள்ளும். எவ்வளவு லேசாக என்று சொல்லும் ஓர் எண் இருக்கிறது. அதைப் பிடித்துக்கொண்டால் இந்தத் துறையில் பாதி புரிந்த மாதிரி.

## ராக்கெட் ஏன் போதாது

அசையாத ஏரியின் நடுவில் ஒரு பரிசல். துடுப்பு இல்லை. உள்ளே உட்கார்ந்திருப்பவரிடம் ஒரு மூட்டைக் கல் இருக்கிறது. ஒவ்வொரு கல்லாக எடுத்துப் பின்பக்கம் வீசினால் பரிசல் முன்னால் நகரும். ராக்கெட் வேலை செய்வது இப்படித்தான். எரிபொருளை எரித்து, வரும் வாயுவைப் பின்னால் வீசுகிறது, முன்னால் போகிறது.

சிக்கல் எங்கே என்றால், கல்லையும் பரிசலில்தான் ஏற்றியாக வேண்டும். வேகம் இன்னும் வேண்டும் என்று கூடுதலாகக் கல் ஏற்றினால், அந்தக் கல்லை நகர்த்தவே இன்னும் கல் வேண்டும். இது எவ்வளவு கொடூரமாகப் பெருகும் என்பதை ரஷ்யாவின் சியோல்கோவ்ஸ்கி 1903-இல் ஒரு சமன்பாடாக எழுதினார். நல்ல ரசாயன ராக்கெட் வாயுவை வினாடிக்குச் சுமார் 4.5 கி.மீ. வேகத்தில் வீசும். அதை வைத்து ஒளிவேகத்தில் ஐந்தில் ஒரு பங்கை, அதாவது வினாடிக்கு 60,000 கி.மீ. வேகத்தை, எட்ட வேண்டும் என்று கணக்குப் போட்டால், கலத்தின் எடையைப் போல எத்தனை மடங்கு எரிபொருள் தேவை என்பதற்கு விடையாக 5,700 இலக்கங்களுக்கும் மேல் நீளும் ஓர் எண் வரும். காணக்கூடிய பிரபஞ்சம் முழுவதிலும் உள்ள அணுக்களின் எண்ணிக்கையை எழுத 80 இலக்கம் சொச்சம் போதும். ஆகவே இன்னும் பெரிய ராக்கெட் கட்டினால் சரியாகிவிடும் என்ற பேச்சுக்கே இங்கே இடமில்லை.

1977-இல் கிளம்பிய வாயேஜர் 1 வினாடிக்குச் சுமார் 17 கி.மீ. வேகத்தில் போய்க்கொண்டிருக்கிறது. சூரியனுக்கு மிக அருகில் இருக்கும் நட்சத்திரமான புராக்சிமா சென்டாரி 4.24 ஒளியாண்டு தொலைவில் இருக்கிறது. ஒளியாண்டு என்பது ஒளி ஓர் ஆண்டில் கடக்கும் தூரம். கி.மீ. கணக்கில் இது சுமார் 40 லட்சம் கோடி. வாயேஜரின் வேகத்தில் இந்தத் தூரத்தைக் கடக்க ஏறக்குறைய 75,000 ஆண்டுகள் ஆகும். (வாயேஜர் அந்தத் திசையில் போகவில்லை என்பது வேறு விஷயம்.)

சரி, கல் மூட்டையை ஏற்றாமலே பரிசலை நகர்த்த வழி உண்டா? உண்டு. பரிசலில் ஒரு பலகையை நிறுத்தி வைக்க வேண்டும். கரையில் நிற்கும் ஒருவர் அந்தப் பலகையின் மேல் ரப்பர் பந்துகளை எறிந்துகொண்டே இருக்க வேண்டும். பந்து வந்து மோதும்போதெல்லாம் பரிசல் கொஞ்சம் நகரும். எறிபவரும் பந்துக் குவியலும் கரையில்; பரிசலில் பலகை மட்டும். லேசர் ஒளிப்பாயின் அடிப்படை இவ்வளவுதான். கரை என்பது பூமி, பந்து என்பது ஒளி, பலகை என்பது பாய்.

## எடையே இல்லாத ஒளி எப்படித் தள்ளும்?

பள்ளியில் உந்தம் என்று படித்திருப்போம். ஒரு பொருள் மோதும்போது எவ்வளவு தள்ளும் என்பதைச் சொல்லும் அளவு அது. நிறையையும் வேகத்தையும் பெருக்கினால் உந்தம் என்று சொல்லிக்கொடுப்பார்கள். ஒளிக்கு நிறை இல்லையே, அப்படியானால் உந்தமும் பூஜ்யம்தானே என்று கேட்பது நியாயமான கேள்வி.

அந்தப் பெருக்கல் சூத்திரம் கல்லுக்கும் காருக்கும் சரி. ஒளிக்குச் சூத்திரம் வேறு: ஒளியின் ஆற்றலை ஒளிவேகத்தால் வகுத்தால் வருவது அதன் உந்தம். ஒளி எதன் மேலாவது படும்போது இந்த உந்தம் அதற்குக் கைமாறுகிறது. இதற்கு ஒளியழுத்தம் என்று பெயர். 1873-இல் ஸ்காட்லாந்து இயற்பியலாளர் மேக்ஸ்வெல் தன் மின்காந்தக் கோட்பாட்டிலிருந்து இதைக் கணக்கிட்டுச் சொன்னார். 1900-ஐ ஒட்டி மாஸ்கோவில் பியோத்தர் லெபெதேவ் சோதனையில் அளந்து காட்டினார். ஆகவே இது ஊகம் கிடையாது. நூறு ஆண்டுக்கும் மேலாகத் தெரிந்த, அளக்கப்பட்ட விஷயம்.

பந்து பலகையில் ஒட்டிக்கொண்டால் அதன் உந்தம் ஒரு பங்குதான் பரிசலுக்குச் சேரும். மோதித் திரும்பிப் பறந்தால் இரண்டு பங்கு சேரும், ஏனென்றால் பந்தை நிறுத்தியதற்கு ஒரு பங்கு, எதிர்ப்பக்கம் திருப்பியதற்கு இன்னொரு பங்கு. ஒளிக்கும் அப்படியே. கறுப்புத் தாள் ஒரு பங்கு வாங்கும், கண்ணாடி இரண்டு பங்கு வாங்கும். பாய் பளபளப்பாக இருக்க வேண்டும் என்பதன் காரணம் இதுதான்.

இந்த இடத்தில் ஒரு பழைய குழப்பத்தையும் தீர்த்துவிடலாம். அறிவியல் பொம்மைக் கடைகளில் ஒரு கண்ணாடிக் குமிழ் விற்பார்கள். உள்ளே நான்கு சிறு தகடுகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு பக்கம் கறுப்பு, மறுபக்கம் வெள்ளை. வெயிலில் வைத்தால் கிறுகிறுவென்று சுற்றும். இது 1873-இல் வில்லியம் குரூக்ஸ் செய்த கருவி. இதைக் காட்டி "பாருங்கள், ஒளி தள்ளுகிறது" என்று விளக்குபவர்கள் இன்றும் உண்டு. ஆனால் சுற்றும் திசையைக் கவனித்தால் குட்டு வெளிப்படும். ஒளியழுத்தம்தான் சுற்றுகிறது என்றால், இரண்டு பங்கு வாங்கும் வெள்ளைப் பக்கம்தான் ஒளியை விட்டு விலகி ஓட வேண்டும். உண்மையில் ஓடுவது கறுப்புப் பக்கம். குமிழுக்குள் மிச்சமிருக்கும் கொஞ்சம் காற்று, சூடான கறுப்புப் பக்கத்தின் ஓரங்களில் செய்யும் வேலை அது. ஒளியழுத்தம் அந்தத் தகட்டை அசைக்கும் அளவுக்குப் பெரிது கிடையாது.

அப்படியானால் எவ்வளவுதான் பெரிது?

## எல்லாவற்றையும் தீர்மானிக்கும் ஓர் எண்

ஒரு கிகாவாட் லேசர் ஒளி, அதாவது 100 கோடி வாட், முழுக்கத் திருப்பி அனுப்பும் ஒரு கண்ணாடியில் பட்டால் கிடைக்கும் விசை 6.7 நியூட்டன். முக்கால் கிலோவுக்கும் குறைவான ஒரு பொருளைக் கையில் வைத்தால் உள்ளங்கையில் உணரும் அழுத்தம் அவ்வளவு இருக்கும். கூடங்குளத்தில் ஓர் உலை முழுமூச்சாக ஓடினால் தருவது ஒரு கிகாவாட் மின்சாரம். ஒரு முழு அணு உலையின் உற்பத்தியை அப்படியே ஒளியாக மாற்றி அடித்தால் இவ்வளவுதான் தள்ளும்.

காரணம் மேலே சொன்ன வகுத்தல்தான். ஆற்றலை ஒளிவேகத்தால் வகுக்கிறோம், ஒளிவேகமோ வினாடிக்கு 30 கோடி மீட்டர். எவ்வளவு பெரிய ஆற்றலைப் போட்டாலும் அந்த எண் அதைத் தின்றுவிடும்.

இதில் இன்னொரு நுணுக்கமும் இருக்கிறது. பலரும் இதைச் சொல்லாமலே கடந்துவிடுகிறார்கள். அசையாமல் நிற்கும் பரிசலில் மோதும் பந்து, வந்த வேகத்தோடே திரும்பிப் போய்விடுகிறது. பரிசலுக்கு உந்தம் கிடைக்கிறது, ஆனால் பந்தின் ஆற்றலில் ஏறக்குறைய ஒன்றும் கிடைப்பதில்லை. பாயும் அப்படித்தான். கார் வேகத்தில் போகும் ஒளிப்பாய், தன் மேல் விழும் ஒளி ஆற்றலில் கோடியில் இரண்டு பங்கு மட்டும் எடுத்துக்கொண்டு மிச்சத்தைத் திருப்பி அனுப்பிவிடும். வேகம் கூடக் கூட இந்தப் பங்கும் கூடும். ஒளிவேகத்தில் ஐந்தில் ஒரு பங்கை எட்டும்போது, விழும் ஆற்றலில் மூன்றில் ஒரு பங்கு பாய்க்குப் போகும். ஆகவே லேசர் ஒளிப்பாய் நிலாவுக்குப் போவதற்கு மகா மோசமான வண்டி. நட்சத்திரத்துக்குப் போக மட்டுமே அர்த்தமுள்ள வண்டி. பக்கத்து ஊருக்கே போகாத ஒன்று அவ்வளவு தூரம் எப்படிப் போகும் என்று கேட்பவர்களுக்கு இதுதான் பதில்.

இதுவரை பார்த்தது: ராக்கெட் தன் கல்லைத் தானே சுமப்பதால் நட்சத்திர வேகத்தை எட்டாது. ஒளியை வெளியிலிருந்து அடித்தால் அந்தச் சுமை இல்லை. ஆனால் கிகாவாட்டுக்கு 6.7 நியூட்டன்தான் கிடைக்கும்.

## சூரிய ஒளியே போதாதா?

இலவசமாகக் கிடைக்கும் சூரிய ஒளியை வைத்துப் பாய் விரிப்பது ஏற்கெனவே நடந்திருக்கிறது. ஜப்பானின் விண்வெளி நிறுவனமான ஜாக்சா 2010 மே மாதம் அனுப்பிய இகாரோஸ் என்ற கலம் 14 மீட்டருக்கு 14 மீட்டர் பாயை விரித்து வெள்ளிக் கோளைக் கடந்து போனது. அதன் மேல் சூரிய ஒளி கொடுத்த விசை 1.12 மில்லி நியூட்டன் என்று அளந்தார்கள். சுமார் 310 கிலோ கலத்தை அந்த விசை ஒரு நாள் முழுக்கத் தள்ளினால் கூடும் வேகம் வினாடிக்கு 30 செ.மீ. அப்புறம் 2019-இல் பிளானட்டரி சொசைட்டி என்ற அமைப்பின் லைட்செயில் 2 பூமியைச் சுற்றியபடி 32 சதுர மீட்டர் பாயை விரித்தது, 2022 நவம்பரில் வளிமண்டலத்தில் விழுந்து எரிந்தது. 2024-இல் நாசா 80 சதுர மீட்டர் பாய் ஒன்றை அனுப்பி விரித்துப் பார்த்தது. நாசா கட்டிவிட்டது என்ற பேச்சு இதையெல்லாம் அரைகுறையாகக் கேட்டதிலிருந்து வந்திருக்கலாம். இவை எல்லாமே சூரியப் பாய்கள். இவற்றில் லேசர் கிடையாது.

நம் இன்சாட்-2 வரிசைச் செயற்கைக்கோள்களிலும் ஒரு சூரியப் பாய் இருந்தது என்பது பலருக்குத் தெரியாது. அவற்றுக்கு ஒரு பக்கம் மட்டும்தான் சூரிய மின்தகடு. அந்தத் தகட்டின் மேல் விழும் ஒளியழுத்தம் நாளடைவில் கோளைத் திருகிவிடும் என்பதால், மறுபக்கம் ஒரு நீண்ட தண்டின் நுனியில் சிறு பாயை மாட்டிச் சமப்படுத்தினார்கள். பயணத்துக்காக அல்ல, கவிழாமல் நிற்பதற்காக.

சூரியக் காற்று என்பது வேறு சமாச்சாரம். அது சூரியனிலிருந்து வெளியேறும் மின்னேற்றத் துகள்களின் ஓட்டம். பாயின் மேல் அது கொடுக்கும் அழுத்தம், ஒளி கொடுப்பதில் ஆயிரத்தில் ஒரு பங்குகூட இல்லை. சூரியப் பாயைத் தள்ளுவது ஒளி, காற்று இல்லை.

சூரிய ஒளியின் குறை, விலக விலக மங்கிவிடுவது. தூரம் இரண்டு மடங்கானால் ஒளி நான்கில் ஒன்றாகும். வியாழனுக்குப் போவதற்குள் 27-இல் ஒரு பங்காகிவிடும். நட்சத்திர வேகம் வேண்டுமென்றால், எல்லாப் பக்கமும் சிதறாமல் ஒரே கற்றையாகப் போகும் பலமான ஒளி வேண்டும். லேசர் 1960-இல் பிறந்தது. இரண்டே ஆண்டில், 1962-இல், அமெரிக்க இயற்பியலாளர் ராபர்ட் ஃபார்வர்ட் அதை வைத்துப் பாயைத் தள்ளலாம் என்று எழுதிவிட்டார்.

## ஃபார்வர்டின் யானையும் ஸ்டார்ஷாட்டின் எறும்பும்

ஃபார்வர்ட் 1984-இல் விரிவான கணக்கு ஒன்றைப் போட்டார். 3.6 கி.மீ. அகலப் பாய், மொத்தம் ஒரு டன் எடை, 65 கிகாவாட் லேசர். தள்ளும் விசை அதிகபட்சம் 430 நியூட்டன் சொச்சம். ஒரு டன்னுக்கு இது மிகவும் குறைவு, ஆகவே மூன்று ஆண்டுகள் விடாமல் தள்ள வேண்டும். அதன் பிறகு ஒளிவேகத்தில் 11 சதவீதம் கிடைக்கும். ஆனால் மூன்று ஆண்டில் கலம் வெகு தூரம் போய்விடும். அந்தத் தூரத்தில் பாயின் மேலேயே கற்றை விழ வேண்டுமென்றால், வழியில் விண்வெளியில் 1,000 கி.மீ. குறுக்களவுள்ள ஒரு லென்ஸ் வைக்க வேண்டும் என்றார். கணிதத்தில் பிழை கிடையாது. ஆனால் அந்த லென்ஸை யார் கட்டுவது?

முப்பது ஆண்டு கழித்து சான்டா பார்பராவில் உள்ள கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் பிலிப் லூபின் கேள்வியைத் திருப்பிப் போட்டார். லேசரைப் பெரிதாக்குவதற்குப் பதில் கலத்தைச் சிறிதாக்கினால் என்ன? கைபேசிப் புரட்சியின் புண்ணியத்தில் கேமரா, கணினி, உணரிகள் எல்லாம் சிப் எனப்படும் ஒரு சிறு சில்லில் அடங்கிவிட்டன. ஒரு கிராம் கலம் போதும் என்றால்?

2016 ஏப்ரல் 12 அன்று நியூயார்க்கில் கோடீஸ்வரர் யூரி மில்னரும் இயற்பியலாளர் ஸ்டீஃபன் ஹாக்கிங்கும் அறிவித்த பிரேக்த்ரூ ஸ்டார்ஷாட் என்ற திட்டம் இந்த யோசனையில் எழுந்ததுதான். ஆய்வுக்கு 10 கோடி டாலர் என்றார்கள். செய்தித்தாள்கள் விண்கலத்துக்கான செலவு என்று எழுதின; அது ஆராய்ச்சிக்கான தொகை மட்டுமே.

கணக்கை நாமே போட்டுப் பார்க்கலாம். லேசர் 100 கிகாவாட். விசை 670 நியூட்டன். பாயும் சில்லும் சேர்த்து 2 கிராம் என்று வைத்துக்கொள்வோம். 670-ஐ 0.002 கிலோவால் வகுத்தால் முடுக்கம் வரும். முடுக்கம் என்பது வினாடிக்கு வினாடி வேகம் கூடும் அளவு. இங்கே அது பூமியில் விழும் பொருளின் முடுக்கத்தைப் போல ஏறக்குறைய 34,000 மடங்கு. வினாடிக்கு 60,000 கி.மீ. வேகத்தை எட்ட 3 நிமிடம் போதும்! அதற்குள் கலம் சுமார் 54 லட்சம் கி.மீ. போயிருக்கும். பிறகு லேசரை அணைத்துவிடலாம். மீதி 21 ஆண்டும் சும்மா மிதந்து போகும்.

34,000 மடங்கை மனித உடல் ஒரு நொடிகூடத் தாங்காது. சில்லு தாங்கும், பீரங்கிக் குண்டுக்குள் வைக்கும் மின்னணுக் கருவிகள் 10,000 மடங்குக்கு மேல் தாங்கும்படி ஏற்கெனவே செய்கிறார்கள். சரி, மனிதனை மெதுவாகத் தள்ளினால்? கலமே வேண்டாம், 70 கிலோ உடம்பை மட்டும் அதே 100 கிகாவாட்டால் தள்ளுவோம். முடுக்கம் பூமியில் இருப்பது போலச் சுகமாக இருக்கும். ஆனால் 60,000 கி.மீ. வேகம் வர 70 நாளுக்கு மேல் ஆகும். அதற்குள் அவர் 19,000 கோடி கி.மீ. போயிருப்பார், அதாவது வாயேஜர் 1 இப்போது இருக்கும் தொலைவைவிடப் பல மடங்கு. அங்கே வரை கற்றையைச் சிதறாமல் பிடிக்க முடியாது. மூச்சுவிடக் காற்றும் சாப்பாடும் சுவரும் இன்னும் கணக்கில் வரவே இல்லை. ஜன்னல் வைத்த அந்தப் படங்கள் பொய் என்று நான் சொல்வது இதனால்தான்.

## லேசர் ஏன் ஒரு கி.மீ. அகலம்?

லேசர் கற்றை சிதறாமல் நேராகப் போகும் என்பது பாதி உண்மை. எந்த ஒளிக் கற்றையும் கொஞ்சம் கொஞ்சமாக விரியத்தான் செய்யும். ஒளி அலை என்பதால் வரும் இந்த விரிவுக்கு விளிம்பு விளைவு என்று பெயர். நிலாவில் அப்போலோ வீரர்கள் வைத்துவிட்டு வந்த கண்ணாடிகளின் மேல் இன்றும் பூமியிலிருந்து லேசர் அடித்துத் தூரம் அளக்கிறார்கள். தொலைநோக்கியிலிருந்து கிளம்பும் அந்தக் கற்றை நிலாவை எட்டும்போது கி.மீ. கணக்கில் அகலமாகிவிடுகிறது.

விதி எளிது. கற்றை கிளம்பும் இடம் எவ்வளவு அகலமோ, அவ்வளவு குறைவாக விரியும். 54 லட்சம் கி.மீ. தொலைவில், 4 மீட்டர் பக்கமுள்ள சதுரப் பாயின் மேல், மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு அலைநீளமுள்ள ஒளியைக் குவிக்க வேண்டும் என்று கணக்குப் போட்டால், கிளம்பும் இடம் ஒரு கி.மீ.க்கு மேல் அகலமாக இருக்க வேண்டும் என்று வரும். அவ்வளவு பெரிய ஒற்றை லென்ஸ் செய்ய முடியாது. பதிலாகக் கோடிக்கணக்கான சிறு லேசர்களை ஒரு மைதானம் முழுக்கப் பரப்பி, எல்லாவற்றின் அலைகளும் ஒரே தாளத்தில் ஏறி இறங்கும்படி ஓட்டினால், மொத்தமும் ஒரே லேசர் போல நடந்துகொள்ளும். இதைச் சிறிய அளவில் செய்யத் தெரியும். கி.மீ. அளவில், நடுங்கும் வளிமண்டலத்தின் ஊடாக, யாரும் செய்ததில்லை.

இடத்தையும் இஷ்டத்துக்குத் தேர்ந்தெடுக்க முடியாது. கலம் போக வேண்டிய திசையில் இருக்கும் ஆல்ஃபா சென்டாரி தென்வானத்து நட்சத்திரம். மே, ஜூன் மாத முன்னிரவுகளில் தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் தெற்கு அடிவானத்துக்குச் சற்று மேலே பிரகாசமாகத் தெரியும். டெல்லிக்குப் போனால் அடிவானத்தோடு ஒட்டிவிடும். (அதன் கூட்டாளியான புராக்சிமா எங்கிருந்து பார்த்தாலும் வெறுங்கண்ணுக்குத் தெரியாது.) லேசர் அதை உச்சி வானத்தில் பார்க்க வேண்டும் என்றால் பூமியின் தென்பாதியில், உயரமான வறண்ட மலையில்தான் கட்ட வேண்டும்.

## பாய் ஏன் உருகாமல் இருக்க வேண்டும்

என் கணிப்பில் உண்மையான அறிவியல் சிக்கல் இங்கேதான் இருக்கிறது. லேசர் பணப் பிரச்சினை, பாய் பொருள் பிரச்சினை.

100 கிகாவாட் 16 சதுர மீட்டரில் விழுகிறது. ஒரு சதுர மீட்டருக்கு 6 கிகாவாட்டுக்கு மேல். பூமியருகே சூரிய ஒளி சதுர மீட்டருக்கு 1,361 வாட்தான். பாய் இந்த லேசர் ஒளியில் லட்சத்தில் ஒரு பங்கை மட்டும் உறிஞ்சிக்கொண்டாலும், சதுர மீட்டருக்கு 60,000 வாட்டுக்கு மேல் சூடு உள்ளே போகும். சூரியப் பாய்களில் பூசும் அலுமினியம் ஒளியில் பத்தில் ஒரு பங்கு வரை உறிஞ்சும். இங்கே வைத்தால் கண் இமைப்பதற்குள் ஆவிதான். லேசரின் சூடு கலத்தைத் தள்ளுகிறது என்று நினைப்பவர்கள் கவனிக்க வேண்டியது இதைத்தான்: சூடு இங்கே உதவி இல்லை, எதிரி.

எடையும் நெருக்குகிறது. 16 சதுர மீட்டர் பாயை ஒரு கிராமுக்குள் செய்ய வேண்டுமென்றால் தடிமன் சுமார் 20 நானோமீட்டர். தலைமுடியின் தடிமனில் ஆயிரக்கணக்கில் ஒரு பங்கு. அவ்வளவு மெல்லியதாகச் செய்தால் பெரும்பாலான ஒளி திரும்பாமல் ஊடுருவிப் போய்விடும். போன ஒளி வீண்தான், ஆனால் கெடுதல் செய்யாது. உள்ளே தங்கிய ஒளிதான் கொல்லும். ஆகவே உலோகத்தை விட்டுவிட்டு, குறிப்பிட்ட நிற ஒளியை ஏறக்குறைய உறிஞ்சவே உறிஞ்சாத சிலிக்கன் நைட்ரைடு போன்ற பொருள்களைப் பார்க்கிறார்கள். அவை தாமாக நன்றாக எதிரொளிக்காது. அதற்கும் ஒரு தந்திரம் இருக்கிறது: ஒளியின் அலைநீளத்துக்கு ஏற்ற இடைவெளியில் கோடிக்கணக்கான நுண்துளைகளைப் போட்டால், துளைகளுக்கு இடையில் அலைகள் ஒன்றோடொன்று சேர்ந்து, திரும்பிப் போகும் ஒளி பல மடங்கு கூடிவிடும். துளை போடுவதால் எடையும் குறைகிறது. அழகான தீர்வு.

இன்னொரு தலைவலி, பாய் கற்றையின் மேலேயே நிற்பது. 54 லட்சம் கி.மீ. தொலைவில் பாய் கொஞ்சம் ஒதுங்கினால், இங்கிருந்து பார்த்துத் திருத்த நேரமில்லை. அங்கிருந்து ஒளி வரவே 18 வினாடி, திருத்திய கற்றை போய்ச் சேர இன்னொரு 18 வினாடி. ஆகவே பாய் ஒதுங்கினால் அதன் வடிவமே அதை நடுவுக்குத் தள்ளிவிட வேண்டும். கூம்பு போல வளைப்பதா, தட்டையாக வைத்து நுண்துளைகளாலேயே ஒளியைச் சாய்ப்பதா என்று பல வழிகளில் முயல்கிறார்கள்.

சுருக்கமாக: கலம் கிராமில் இருந்தால்தான் நிமிடங்களில் தள்ளி முடிக்கலாம். நிமிடங்களில் முடித்தால்தான் கி.மீ. அளவு லேசர் போதும். ஆனால் அதற்கு எடையே இல்லாத, சூடே ஏறாத, தானே நேராக நிற்கும் பாய் வேண்டும்.

## போய்ச் சேர்ந்த பிறகு

வழியில் தூசு இருக்கிறது. இந்த வேகத்தில் ஒரு மைக்ரோகிராம் துகள் மோதினால், ஒரு டன் கார் மணிக்கு 216 கி.மீ. வேகத்தில் வந்து இடிக்கும் ஆற்றல் அதில் இருக்கும். நட்சத்திரங்களுக்கு இடையில் இருக்கும் தூசு பெரும்பாலும் இதைவிடப் பல மடங்கு சிறியது என்பது ஆறுதல். கலத்தை விளிம்பு முன்னால் இருக்கும்படித் திருப்பி, அந்த விளிம்புக்கு ஒரு பூச்சு கொடுக்கலாம் என்பது யோசனை. ஒன்று போகாவிட்டால் இன்னொன்று போகட்டும் என்று ஆயிரக்கணக்கில் அனுப்புவதும் திட்டத்தில் உண்டு. லேசரைக் கட்டிய பிறகு கலத்துக்கு ஆகும் செலவு அற்பம்.

நிறுத்த முடியுமா? முடியாது. அக்கரையில் பந்து எறிய ஆளில்லை. ஃபார்வர்ட் இதற்கும் ஒரு வழி சொன்னார்: பாயின் வெளி வளையத்தைக் கழற்றி முன்னால் விட்டு, அதில் பட்டுத் திரும்பும் லேசர் ஒளியால் உள்பாயை எதிர்ப்பக்கம் தள்ளுவது. அதற்குப் பூமியிலிருந்து நட்சத்திரம் வரை கற்றை போக வேண்டும். ஸ்டார்ஷாட்டின் லேசரோ சில நிமிடங்களுக்கு மேல் உதவாது. ஆகவே கலம் நிற்காமல் கடந்து போகும். பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரத்தை 42 நிமிடத்தில் தாண்டும் வேகம் அது. 2016-இல் கண்டுபிடித்த புராக்சிமா பி என்ற கோளைப் படம் எடுக்க வேண்டுமென்றால், உருப்படியான நெருக்கத்தில் கிடைக்கும் நேரம் மிகக் குறைவு.

எடுத்த படத்தை அனுப்புவது அடுத்த கஷ்டம். சில கிராம் கலத்தில் இருக்கும் சிறு லேசரின் துடிப்பை 40 லட்சம் கோடி கி.மீ. தாண்டிப் பிடிக்க வேண்டும். இங்கே தள்ளிய அதே லேசர் மைதானத்தையே கேட்கும் காதாகவும் பயன்படுத்தலாம் என்கிறார்கள். செய்தி வர 4 ஆண்டு 3 மாதம் ஆகும். ஏவியதிலிருந்து கணக்கிட்டால் முதல் படம் வர 25 ஆண்டுக்கு மேல்.

## இப்போது எந்த நிலையில்

ஸ்டார்ஷாட் அறிவிப்பு வந்தபோது இருந்த ஆரவாரம் அடங்கிவிட்டது. லேசர் மைதானம் எங்கும் எழவில்லை. ஆனால் துண்டு துண்டாகச் சில வேலைகள் நடந்திருக்கின்றன. 2017 ஜூன் 23 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து கிளம்பிய பி.எஸ்.எல்.வி. சி-38 சுமந்து சென்ற இரண்டு சிறு செயற்கைக்கோள்களில், ஸ்பிரைட் என்ற 4 கிராம் சில்லுக் கலங்கள் ஒட்டிக்கொண்டு போயின. மூன்றரை செ.மீ. சதுரத்தில் சூரிய மின்கலம், கணினி, வானொலி எல்லாம் அடங்கிய ஸ்பிரைட்டின் சிக்னல் பூமியில் கேட்டது. கிராம் கணக்கில் கலம் செய்ய முடியும் என்ற பகுதி இவ்வளவு தூரம் வந்துவிட்டது.

பாய்ப் பக்கம் 2025-இல் இரண்டு நல்ல செய்திகள். கலிஃபோர்னியாவின் கால்டெக்கில் ஹாரி ஆட்வாட்டரின் குழு 50 நானோமீட்டர் தடிமனுள்ள சிலிக்கன் நைட்ரைடு படலத்தின் மேல் லேசர் கொடுக்கும் அழுத்தத்தை நேரடியாக அளந்தது. அந்தப் படலத்தின் பக்க அளவு 40 மைக்ரோமீட்டர், கண்ணுக்கே தெரியாது. நெதர்லாந்தின் டெல்ஃப்ட் பல்கலைக்கழகத்தில் ரிச்சர்ட் நார்ட்டும் அமெரிக்காவின் பிரவுன் பல்கலைக்கழகக் கூட்டாளிகளும் 200 நானோமீட்டர் தடிமனில், நூறு கோடிக்கும் மேற்பட்ட நுண்துளைகளோடு, 6 செ.மீ. பக்கமுள்ள ஒரு பாயைச் செய்து காட்டினார்கள். தேவைப்படுவது 4 மீட்டர் பக்கம், அதைப் போல இன்னும் பல மடங்கு மெலிவு.

லேசரில் இடைவெளி இன்னும் பெரிது. இன்று தொடர்ந்து எரியும் பலமான லேசர்கள் நூற்றுக்கணக்கான கிலோவாட் அளவில் இருக்கின்றன. 100 கிகாவாட் என்றால் 100 கிலோவாட் லேசர்கள் பத்து லட்சம். லேசர் டயோடுகளின் விலை ஆண்டுக்கு ஆண்டு சரிந்துகொண்டே போகும் என்பதைத்தான் லூபின் நம்பியிருக்கிறார். அது அப்படியே நடந்தாலும், விண்ணில் எதையும் எரிக்கக்கூடிய இந்தக் கற்றையின் சாவி யார் கையில் இருக்கும் என்பது பொறியியல் தீர்க்காத கேள்வி. குறுக்கே போகும் செயற்கைக்கோள்களுக்கு வழிவிட்டு, கற்றையை நாளில் எந்த மூன்று நிமிடம் திறப்பது என்பதற்கே நாடுகளுக்கிடையே ஓர் ஒப்பந்தம் வேண்டியிருக்கும்.